சினை ஓணான்

அருங்காட்சியகத்தில் எல்லோரும் அவரை ‘ஓணான் சார்’ என்றுதான் சொல்வார்கள், முதுகுக்குப் பின்னால். ஊர்வன அறைக்குக் காப்பாளர் என்பதால் மட்டும் வந்த பெயரல்ல அது. ஒவ்வொரு வாக்கியத்தையும் முடிக்கும்போது தலையை மேலும் கீழுமாக இரண்டு ஆட்டு ஆட்டுவார், வேலியில் உட்கார்ந்திருக்கும் ஓணான் மாதிரியே. தனக்கு அப்படி ஒரு பெயர் இருப்பது அவருக்குத் தெரியும். தெரியாதவர் போல இருபது வருஷம் ஓட்டிவிட்டார்.

அறை நீளமானது. வலது கைப் பக்கம் உயிருள்ளவை, இடது கைப் பக்கம் போத்தலில் மிதப்பவை. உயிருள்ளவற்றில் ஒரு கிழட்டு மலைப்பாம்பு. மாதத்தில் இருபத்தெட்டு நாள் அசையாது. இரண்டு ஆமைகள். எப்போதும் கோபத்தில் இருப்பது போலத் தோன்றும் மூன்று பச்சோந்திகள். கடைசிப் பெட்டியில், மணல் பரப்பி மேலே சூட்டு விளக்கு தொங்கவிட்ட இடத்தில், நான்கு கொம்பு ஓணான்கள். எங்கோ தூரத்து நாட்டில் பிடித்து, காலுறைக்குள் போட்டு, பெட்டியில் ஒளித்துக் கொண்டுவந்தவனைத் துறைமுகத்தில் மடக்கியிருந்தார்கள். வைத்துக்கொள்ள வேறு இடமில்லாமல் இங்கே அனுப்பிவிட்டார்கள். கூட வந்த தாளில் ‘கொம்பு ஓணான், நான்கு’ என்பதைத் தவிர ஒரு எழுத்து கிடையாது.

பார்த்தால் ஓணான் என்று யாரும் சொல்லமாட்டார்கள். உள்ளங்கை அகலம், தட்டையான உடம்பு, தவளை மாதிரி உப்பிய வயிறு, தலையைச் சுற்றிக் குட்டைக் குட்டையாக முள். எறும்புதான் அவற்றின் முக்கிய சாப்பாடு, அதுவும் எல்லா எறும்பும் இல்லை. காப்பாளர் சர்க்கரைக்கு வரும் எறும்பைப் பிடித்துப் போட்டுப் பார்த்தார், திரும்பிக்கூடப் பார்க்கவில்லை. பெட்டி கூட்டித் துடைக்கும் அக்காதான் கட்டிடத்தின் பின்னால் விதை தூக்கிக்கொண்டு வரிசை போகும் எறும்புகளைக் கண்டுபிடித்து, பழைய சீப்பால் ஒரு ஜாடிக்குள் தள்ளிக் கொண்டுவந்தாள். நான்கும் நாக்கை நீட்டி நீட்டி அரை மணி நேரத்தில் ஜாடியைக் காலி செய்தன. அன்றிலிருந்து அவள் ‘எறும்பு அக்கா’. அந்த வருஷத்து ஆண்டறிக்கையில் மட்டும் ‘காப்பாளரின் தொடர் ஆய்வின் பயனாக உரிய உணவு கண்டறியப்பட்டது’ என்று வந்தது. எழுதிக் கொடுத்தவர் காப்பாளர்தான். அக்கா ஆண்டறிக்கையெல்லாம் படிக்கிறவள் இல்லை என்று அப்போது நினைத்துக்கொண்டார்.

இரத்தம் கதைக்குள் வந்தது ஒரு தற்செயலால். ஒரு ஞாயிற்றுக்கிழமை அவருடைய மனைவி வீட்டு நாயைக் கூட்டிக்கொண்டு அவரைப் பார்க்க வந்தாள். பிஸ்கெட் என்று பேர், பழுப்பு நிறம், பூனையைக் கண்டால்கூடப் பின்வாங்கும் சாதுப் பிராணி. அன்றைக்கு ஒரு கொம்பு ஓணானைச் சுத்தம் செய்வதற்காக மேசைமேல் வெளியே எடுத்து வைத்திருந்தார். பிஸ்கெட் மேசை விளிம்பில் முன்னங்காலைத் தூக்கிப் போட்டு மூக்கை நீட்டி முகர்ந்தது. ஓணான் உப்பியது, கண்ணை மூடியது, இமை வீங்கிச் சிவந்தது. அடுத்த கணம் கண்ணோரத்திலிருந்து ஊசிமுனை போல இரத்தம் பீய்ச்சி நாயின் வாயில் அடித்தது. பிஸ்கெட் ஊளையிட்டுக்கொண்டு பின்னால் பாய்ந்து, வாயில் நுரை தள்ள, முகத்தைத் தரையில் தேய்தேய் என்று தேய்த்தது. பார்க்க வந்திருந்த பத்துப் பதினைந்து பேரும் ஒரே கூச்சல்.

அந்தக் கூச்சல் மாடிவரை கேட்டது. மாடியில் இயக்குநர் இருந்தார். அவரைப் பார்த்து யார் வணக்கம் சொன்னாலும் பதிலுக்கு “கூட்டம் எப்படி?” என்றுதான் கேட்பார், அதனால் அவருக்குப் பெயரே ‘கூட்டம்’.

“இதை வாராவாரம் பண்ணமுடியுமா?” என்று கேட்டார் கூட்டம்.

காப்பாளருக்கு அது தப்பு என்று தெரியாமலில்லை. தலையிலிருந்து இரத்தம் திரும்பிப் போகும் வழியை இறுக்கி, கண்ணைச் சுற்றியிருக்கும் மெல்லிய குழாய்களைத் தானே வெடிக்கவைத்துத்தான் அந்தப் பிராணி அப்படிப் பீய்ச்சுகிறது. நாய், நரி மாதிரி வாயால் கவ்விச் சாப்பிடும் எதிரி வந்து, ஓடவும் முடியாமல் ஒளியவும் முடியாமல் போனால், கடைசியில் செய்கிற காரியம். உயிர்ப்பயம். இதையெல்லாம் தெரிந்த மனுஷர், “வாரத்துக்கு ஒண்ணுன்னு மாத்தி மாத்தி எடுத்தா ஒண்ணும் ஆகாது சார்” என்று சொல்லித் தலையை இரண்டு ஆட்டு ஆட்டினார்.

ஞாயிறு பதினோரு மணி என்றால் ஊர்வன அறையில் நிற்க இடம் இருக்காது என்று ஆகிப்போனது. காப்பாளர் சட்டையை இஸ்திரி போட்டு வர ஆரம்பித்தார். குரலில் ஏற்ற இறக்கம் வந்தது. “அழுதா கண்ணீர் வரும், கேட்டிருக்கீங்க. இரத்தக் கண்ணீர் பாத்திருக்கீங்களா?” என்று கேட்டு ஒரு நொடி நிறுத்துவார். அந்த ஒரு நொடியில் முன்வரிசைக் குழந்தைகள் மூச்சைப் பிடித்துக்கொள்வார்கள். இருபது வருஷமாக யாரும் அவர் பேச்சுக்கு மூச்சைப் பிடித்துக்கொண்டதில்லை. வீட்டில் அவர் பேச ஆரம்பித்தால் மனைவி அடுப்பைப் பார்க்கப் போய்விடுவாள்.

நாலாவது மாதத்தில் ஒரு ஞாயிறு. அன்றைக்கு நான்கில் பெரியதன் முறை. அதைக் கையில் எடுத்து மேசைக்குக் கொண்டுவந்தபோது, ஓரமாகத் துடைப்பத்தோடு நின்ற எறும்பு அக்கா இரண்டடி முன்னால் வந்தாள்.

“சார், இத இன்னிக்கி விட்டுடுங்க. வேற ஒண்ண எடுங்க.”

“ஏன்?”

“இது சினையா இருக்கு.”

மெதுவாகத்தான் சொன்னாள். ஆனால் அறையே அவர் வாயைப் பார்த்துக்கொண்டிருந்ததால் எல்லோர் காதிலும் விழுந்தது. காப்பாளருக்குச் சுருக்கென்றது. தன் மேடையில் வேறொருத்தர் ஏறிவிட்ட மாதிரி இருந்தது. அதற்குள் வாய் முந்திக்கொண்டது.

“அக்கா, இதென்ன பசுமாடா, சினை புடிக்க?” பார்க்க வந்தவர்கள் பக்கம் திரும்பினார். “இது ஊர்வன. மண்ணத் தோண்டி முட்டை போட்டுட்டுப் போயிட்டே இருக்கும். வயிறு ஏன் பெருசா இருக்குன்னு கேட்டீங்கன்னா, நம்ம அக்கா ஊட்டி ஊட்டி வளத்த எறும்பு! கொஞ்சம் விட்டா வளைகாப்பே நடத்திடுவாங்க போல!”

அறை குலுங்கச் சிரித்தது. முன்னால் நின்ற ஒரு தடித்த ஆள் சிரிப்பு தாங்காமல் தொடையில் தட்டினார். அக்கா முகம் ஒரு கணம் அப்படியே இருந்தது. பிறகு வாளியை எடுத்துக்கொண்டு கதவைத் திறந்து போனாள்.

பிஸ்கெட்டை மேசைக்கு இழுத்தார். அது வர மறுத்துக் காலை ஊன்றியது; சங்கிலியைச் சுண்டினார். ஓணான் வழக்கம்போலத் தட்டையாகி மேசையோடு படியவில்லை. படிய முடியவில்லை என்பதை அவர் பார்த்தார், பார்த்தும் நிறுத்தவில்லை. ஒரு கண்ணிலிருந்து பீய்ச்சியது. கைதட்டல். இன்னொரு கண். இன்னும் பலத்த கைதட்டல். “இன்னொரு தடவ சார்!” என்று யாரோ கத்தினார்கள். நாயை மறுபடி நெருங்கவிட்டார். மூன்றாவது முறை வந்தது பீய்ச்சலாக இல்லை. கன்னத்தில் ஒரு கோடாக வழிந்தது. அதன்பிறகு அது வெகுநேரம் கண்ணைத் திறக்கவில்லை.

மத்தியானம் எல்லோரும் போனபிறகு, காப்பாளர் அலமாரியின் மேல்தட்டிலிருந்த ஊர்வனப் புத்தகத்தைத் தூசி தட்டி எடுத்தார். ஏன் எடுத்தார் என்று கேட்டால் சொல்லத் தெரியாது. மனசு ஒரு நிலையில் இல்லை. கொம்பு ஓணான் ஒரே இனமில்லை, பலவகை என்பது அவருக்குத் தெரிந்ததுதான். நீளக் கொம்பு உள்ளவை மணலில் முட்டையிடும் என்று இருந்தது. அவர் வாராவாரம் சொல்வதும் அதுதான். பக்கத்தைத் திருப்பினார். கொம்பு குட்டையாக இருக்கும் வகை, உயரமான குளிர்ந்த மலைப்பகுதிகளில் வாழ்வது. அங்கே மண்ணில் முட்டையிட்டால் பொரியச் சூடு போதாது. அதனால் தாய் கருவை உடம்புக்குள்ளேயே வைத்துக்கொள்ளும். வெயிலைத் தேடித் தேடிப் போய் உட்கார்ந்து தன் உடம்பைச் சுடவைத்து உள்ளே இருப்பதை வளர்க்கும். குட்டி போடும்.

எழுந்து போய்ப் பெட்டியைப் பார்த்தார். நான்கு தலையிலும் கொம்பு குட்டை. ஒரு வருஷமாக அந்தத் தலைகளைப் பார்த்துக்கொண்டிருக்கிறார். பெரியது விளக்குக்கு நேர் கீழே பக்கவாட்டில் சாய்ந்து கிடந்தது.

காதெல்லாம் சூடாகிவிட்டது. அறையில் ஆளே இல்லை, இருந்தாலும் யாரோ பார்ப்பது போல இருந்தது. போத்தலில் சுருண்டிருக்கும் பாம்புகள் பக்கம்கூடத் திரும்ப முடியவில்லை. புத்தகத்தை மூடி, இருந்த இடத்திலேயே வைத்தார். நாளைக்கு அக்கா வந்ததும் சொல்லிவிடலாம் என்று நினைத்தார். திங்கட்கிழமை அவள் வந்தாள், பெட்டியைத் துடைத்தாள், ஜாடியில் எறும்பு கொண்டுவந்து வைத்தாள், அவரிடம் ஒரு வார்த்தை பேசவில்லை. சொல்லவேண்டியது நாக்கு நுனிவரை வந்தது. மென்று முழுங்கிவிட்டார். செவ்வாயும் அப்படியே போயிற்று.

புதன்கிழமை காலை எட்டு மணிக்கு அவர் அறைக்குள் நுழைந்தபோது அக்கா கொம்பு ஓணான் பெட்டிக்கு முன்னால் குத்துக்காலிட்டு உட்கார்ந்திருந்தாள். திரும்பிப் பார்க்காமலே, “பதினொண்ணு சார்” என்றாள்.

ஒவ்வொன்றும் விரல்நகத்தளவு. கண்ணாடி போன்ற மெல்லிய பைக்குள் சுருண்டு கிடந்தன. நல்லபடி பிறந்தால் சில நிமிஷத்தில் பையைக் கிழித்துக்கொண்டு வெளியே வந்து, அந்தத் துக்குணியூண்டு வயதிலேயே மணலில் புதைந்து ஒளியப் பார்க்கும். நான்கு அப்படி வந்திருந்தன. ஏழு வரவில்லை. பைக்குள்ளேயே நின்றுபோயிருந்தன. குட்டிக்குட்டித் தலையில் கொம்பு வரப்போகும் இடத்தில் புள்ளி வைத்தது போல இருந்தது. தாய் வாயைத் திறந்து திறந்து மூடிக்கொண்டிருந்தது. பத்து மணிக்குள் அதுவும் அடங்கிவிட்டது.

இயக்குநர் இறங்கி வந்தார். அவருக்கு அந்தப் பெரியதுதான் நட்சத்திரம். சுவரொட்டியில் போட்டிருந்த படம் அதுதான்.

“எப்படிச் செத்துது?” என்று கேட்டார். சுற்றிலும் பார்த்துவிட்டு, மேலே தொங்கிய விளக்கைப் பார்த்தார். “சூடு போதலியா? பெட்டி தொடைக்கறப்ப இந்த லைட்ட யாரு அணைக்கறது?”

“நான்தான் சார்” என்றாள் அக்கா. “தொடைச்சு முடிச்சதும் போட்டுடுவேன்.”

“திங்கக்கிழமை போட்டியா?”

“போட்டேன் சார்.”

“மறந்திருக்கலாம்ல?” இயக்குநர் காப்பாளர் பக்கம் திரும்பினார். “என்ன சார், மறந்திருக்கலாம் இல்லையா?”

திங்கட்கிழமை விளக்கு எரிந்துகொண்டுதான் இருந்தது. காப்பாளர் பெட்டிப் பக்கத்தில் நின்று அந்தச் சாய்ந்து கிடந்த உடம்பை மத்தியானம் முழுக்கப் பார்த்துக்கொண்டிருந்தவர். சொல்லவேண்டியது அவ்வளவுதான். அதைச் சொன்னால் அடுத்த கேள்வி வரும். அடுத்த கேள்விக்குப் பதில் ஞாயிற்றுக்கிழமை.

“இருக்கலாம்” என்றார்.

தலை இரண்டு முறை மேலும் கீழும் ஆடியது. அக்கா அவரைப் பார்த்தாள். கோபமாகப் பார்த்திருந்தால் தாங்கியிருப்பார். புதிதாக வந்த ஒரு பிராணியைப் பார்ப்பது போல, இது என்ன வகை என்று பார்ப்பது போல இருந்தது அந்தப் பார்வை.

அன்று மாலையே அவளைக் கல் அறைக்கு மாற்றிவிட்டார்கள். இரண்டாம் மாடியில், பாறைத் துண்டுகளும் படிகங்களும் வைத்திருக்கும் இடம். அதோடு அந்த மாடிக் கழிப்பறைகளும். ஊர்வன அறைக்குள் அவள் கால் வைக்கக்கூடாது என்று உத்தரவு.

அடுத்த நாள் எறும்பு பிடிக்கக் காப்பாளரே போனார். வரிசை எங்கே என்று கண்டுபிடிக்கவே அரை மணி ஆயிற்று. சீப்பால் தள்ளியபோது பாதி ஜாடிக்குள் போயிற்று, மீதி சட்டைக்கைக்குள் போயிற்று. அவர் குதித்த குதியைப் பார்த்து வாசல் காவலாளி, “சார், ஆட்டம் ஏதாவது கத்துக்கறீங்களா?” என்று கேட்டுவிட்டு வாயைப் பொத்திக்கொண்டார். பெரிய ஓணான்கள் மூன்றும் சாப்பிட்டன. குட்டிகள் சாப்பிடவில்லை. அந்த எறும்பு அவற்றின் தலையளவு இருந்தது. ஒரு எறும்பு ஒரு குட்டியின் காலைக் கவ்விக்கொண்டு விடவே இல்லை, இடுக்கியால் பிரித்தெடுக்கவேண்டியதாயிற்று. அதைவிடச் சின்ன எறும்பு எங்கே இருக்கிறது என்று அவருக்குத் தெரியவில்லை. வெள்ளிக்கிழமை நான்கு குட்டி மூன்று ஆயிற்று.

காவலாளி மூலமாக மாடிக்குச் சொல்லி அனுப்பினார். காவலாளி திரும்பி வந்து, தரையைப் பார்த்துக்கொண்டு சொன்னார்: “கல்லுக்கு எறும்பு தேவையில்லன்னு சொல்லச் சொன்னாங்க சார்.”

அன்று சாயங்காலம் வீட்டுக்குப் போனபோது பிஸ்கெட் அவரைப் பார்த்ததும் கட்டிலுக்கு அடியில் போய்விட்டது.

“என்ன ஆச்சு இதுக்கு?” என்றார்.

“ஒண்ணும் ஆகல” என்றாள் மனைவி, காய் நறுக்குவதை நிறுத்தாமல். “கொஞ்ச நாளாவே அப்படித்தான். நீங்க சங்கிலியத் தொட்டா ஒளியுது. நான் தொட்டா வருது. உங்ககிட்ட சொல்லலாம்னு பாத்தேன், நீங்கதான் இப்ப பெரிய ஆளாச்சே.”

அவர் நாற்காலியில் உட்கார்ந்தார். சட்டையைக்கூடக் கழற்றவில்லை. முதலில் செத்த ஓணானைப் பற்றிச் சொன்னார், பிறகு குட்டிகளை, பிறகு புத்தகத்தை. அக்காவைப் பற்றிக் கடைசியில் சொன்னார். மனைவி கத்தியைக் கீழே வைத்தாள்.

“அவங்க லைட்டப் போட்டிருந்தாங்கன்னு உங்களுக்குத் தெரியும்.”

“தெரியும்.”

“தெரிஞ்சே, இருக்கலாம்னீங்க.”

“ம்.”

திட்டுவாள் என்று எதிர்பார்த்தார். திட்டினால் ஏதாவது எதிர்த்துப் பேசலாம். அவள் எழுந்து போய் டம்ளரில் தண்ணீர் கொண்டுவந்து அவர் முன்னால் வைத்தாள். மறுபடி காய் நறுக்க உட்கார்ந்தாள். அந்தத் தண்ணீரைக் குடிக்க அவருக்குக் கை வரவில்லை.

சனிக்கிழமை காலை முதல் வேலையாக இயக்குநர் அறைக்குப் போய் நின்றுகொண்டே எல்லாவற்றையும் சொன்னார். விளக்கு எரிந்தது. தான்தான் கர்ப்பமாக இருந்த பிராணியை நாய்க்கு முன்னால் வைத்தது. அக்கா தடுத்தாள், தான் கேட்கவில்லை. அதையே ஒரு தாளில் எழுதிக் கையெழுத்துப் போட்டும் கொண்டுவந்திருந்தார்.

இயக்குநர் தாளை வாங்கிப் பார்த்துவிட்டுச் சிரித்தார். “சார், ஒரு ஓணானுக்குப் போயி இவ்வளவா? எதுக்கு எழுத்துல எல்லாம்? அந்தம்மாவுக்கு மேல வேலை கம்மிதான், நிம்மதியா இருக்கட்டும். நாளைக்கு வேற ஒண்ண வச்சு நடத்துங்க. மூணு இருக்குல்ல?”

தண்டனை கிடைக்கும் என்று பயந்து போனவருக்கு, தண்டனையே இல்லை என்றதும் உடம்பு கூசியது. இதற்குப் பயந்தா அந்த வார்த்தையைச் சொன்னோம் என்று தோன்றியது. “நாளைக்கு நாய் வராது சார். அந்தத் தாள் கோப்புல இருக்கட்டும்” என்று சொல்லிவிட்டு, பதிலுக்கு நிற்காமல் மாடி ஏறினார்.

கல் அறையில் அக்கா ஒரு கண்ணாடி மேசையைத் துடைத்துக்கொண்டிருந்தாள். அவரைப் பார்த்ததும் கை நின்றது. பிறகு மறுபடி துடைத்தது.

“அக்கா, நான் பெரியவர்கிட்ட சொல்லிட்டேன். லைட்டு எரிஞ்சுதுன்னு. தப்பு என் மேலன்னு.”

“சரிங்க சார்.”

“என்னை மன்னிச்சிருங்க.”

அவள் துணியைப் பிழிந்தாள். “லைட்டு விஷயத்த நான் பெருசா எடுத்துக்கல சார். பெரியவர் கேட்டாரு, நீங்க பயந்துட்டீங்க. பயம் யாருக்கும் வரும். எனக்கும் வரும்.” பிழிந்த துணியை உதறினாள். “அன்னிக்கி அத்தன பேர் முன்னாடி சிரிச்சீங்க பாருங்க. அதான். நான் என்ன தப்பாச் சொன்னேன்? நாலு நாளா அது எறும்ப மோந்து பாத்துட்டுத் திரும்பிக்குது. லைட்ட விட்டு நகரல. இந்தப் பக்கம் கொஞ்ச நேரம், அந்தப் பக்கம் கொஞ்ச நேரம், திரும்பித் திரும்பிக் காட்டுது. வெயில் மாதிரி சூடு பட்டா வயித்து ஓரத்துல உள்ள இருந்து அசையுது. நான் நாலு பெத்தவ சார். வயித்துல உசிர வச்சுகிட்டு உக்காந்திருக்கிறது எப்படி இருக்கும்னு எனக்குத் தெரியாதா? அதுக்குப் படிக்கணுமா?”

அவர் முகத்தைத் திருப்பிக்கொண்டார். பக்கத்துப் பெட்டியில் ஏதோ ஒரு பாறை, அதன் பெயரை மூன்று தடவை வாசித்தார், மனசில் ஏறவில்லை.

“இன்னொண்ணும் சொல்லிடறேன்” என்றாள். “அந்த வருஷ புஸ்தகத்துல, எறும்ப நீங்க கண்டுபுடிச்சதா போட்டிருந்துதாம். என் மவ படிச்சுச் சொன்னா. நான் அப்பவும் ஒண்ணும் கேக்கல.”

நாக்கைப் பிடுங்கிக்கொள்ளலாம் போல இருந்தது. ஒரு தப்பைச் சொல்லி முடித்துவிட்டோம் என்று மேலே வந்தவர், இன்னொன்றையும் தலையில் வாங்கிக்கொண்டு நின்றார்.

“குட்டிங்க எத்தன இருக்கு?” என்று அவளே கேட்டாள்.

“மூணு.”

அவள் துணியை வாளியில் போட்டாள். “உங்களுக்காக இல்ல. ஜாடிய எடுத்துகிட்டு பின்னால வாங்க. உள்ள வரக்கூடாதுன்னு உத்தரவு, வெளில எறும்பு புடிக்கக்கூடாதுன்னு ஒண்ணும் உத்தரவு இல்லல்ல?”

தண்ணீர்க் குழாய்க்கு அடியில், ஈரமான செங்கல்லைப் புரட்டினாள். கடுகில் பாதிகூட இல்லாத வெளிர் நிற எறும்புகள் சிதறி ஓடின. ஒரு மெல்லிய தூரிகையால் ஒவ்வொன்றாக ஜாடிக்குள் தட்டினாள். அவர் ஜாடியைப் பிடித்துக்கொண்டு நின்றார். அன்று மதியம் மூன்று குட்டிகளும் நாக்கை நீட்டின. முதல் எறும்பு உள்ளே போனதும் குட்டி தானே திகைத்தது போல ஒரு கணம் நின்று, பிறகு அடுத்ததற்கு ஓடியது.

ஞாயிறு பதினோரு மணிக்கு அறை வழக்கம்போல நிறைந்திருந்தது. இயக்குநரும் பின்வரிசையில் கை கட்டி நின்றிருந்தார். மேசைமேல் ஓணானும் இல்லை, பக்கத்தில் நாயும் இல்லை.

“இன்னிக்கி இரத்தம் கிடையாது” என்று காப்பாளர் ஆரம்பித்தார். “இனிமேலும் கிடையாது. ஏன்னு சொல்றேன்.”

“அதுக்குத்தானே அவ்வளவு தூரத்துலேர்ந்து வந்தோம்” என்றது ஒரு குரல். இரண்டு குடும்பங்கள் குழந்தைகளை இழுத்துக்கொண்டு வெளியேறின. அவர் தொடர்ந்தார். அந்தப் பிராணி எதற்காகக் கண்ணிலிருந்து இரத்தத்தைப் பீய்ச்சுகிறது என்று சொன்னார். தான் முட்டை என்று சொன்னது தப்பு, இது குட்டி போடும் வகை, அதைக் கண்டுசொன்னது இந்த அறையைக் கூட்டித் துடைக்கும் அக்கா, அவள் சொன்னதை இதே இடத்தில் நின்று தான் கேலி செய்தது, மூன்று தடவை நாயை ஏவியது, பதினொன்றில் ஏழு செத்துப் பிறந்தது, தாய் செத்தது. பழி அக்கா மேல் போனபோது வாய் திறக்காதது. என்ன எறும்பு என்று கண்டுபிடித்ததும் அவள்தான். எந்த ஏற்ற இறக்கமும் இல்லாமல், பாடம் ஒப்பிப்பது போல ஒவ்வொன்றாகச் சொன்னார். முன்வரிசையில் ஒரு சிறுமி அவரைப் பார்க்காமல் அம்மாவின் சேலைக்குள் முகத்தைப் புதைத்துக்கொண்டாள். யாரும் கைதட்டவில்லை. இயக்குநர் எப்போது போனார் என்று தெரியவில்லை.

சொல்லும்போதெல்லாம் அவர் கண் கதவுப் பக்கமே போயிற்று. அக்காவைக் கதவருகில் வந்து நிற்கச் சொல்லிக் காவலாளியிடம் சொல்லி அனுப்பியிருந்தார். அவள் வரவில்லை.

எல்லாம் முடிந்து மாடிக்குப் போனார். கல் அறைத் தரையில் அவள் மண் தூவிக்கொண்டிருந்தாள். ஏதோ குழந்தை வாந்தி எடுத்திருந்தது.

“சொல்லிட்டேன் அக்கா. எல்லார் முன்னாடியும்.”

“வரமுடியல சார், பாத்தீங்கல்ல.” மண்ணை வாரிக் கூட்டினாள். “அன்னிக்கி சிரிச்சவங்க எல்லாம் வந்திருந்தாங்களா?”

அவர் யோசித்தார். அந்தத் தடித்த ஆள் இல்லை. தெரிந்த முகம் இரண்டோ மூன்றோதான். மற்றவர்கள் எல்லாம் இன்றைக்குப் புதிதாக வந்தவர்கள். அன்றைக்குச் சிரித்துவிட்டுப் போனவர்கள், எங்கேயோ தங்கள் வீடுகளில், அந்த முட்டாள் பொம்பளையின் கதையை இன்னமும் சொல்லிக்கொண்டுதான் இருப்பார்கள். அவர்களை ஒவ்வொருவராகத் தேடிப் போக முடியாது.

“இல்ல” என்றார்.

“ம்” என்றாள். வாரிய மண்ணை வாளியில் கொட்டினாள்.

ஞாயிறு நிகழ்ச்சி நின்றுபோனது. கூட்டம் குறைந்தது; இயக்குநர் மூன்று மாதம் அவரிடம் முகம் கொடுத்துப் பேசவில்லை, “கூட்டம் எப்படி?” என்றுகூடக் கேட்கவில்லை. ஆனால் கையெழுத்துப் போட்ட தாள் கோப்பில் இருந்ததால், தலைமை அலுவலகத்திலிருந்து யாரோ ஒருநாள் விசாரிக்க வந்தார்கள். காப்பாளருக்கு ஒரு எச்சரிக்கைக் கடிதம் வந்தது. அக்கா மேலிருந்த உத்தரவு நீங்கியது. பதிவேட்டில் இறப்புக்குக் காரணம் என்ற கட்டத்தில், ‘முதுமை என்று போட்டுடுங்களேன்’ என்று எழுத்தர் யோசனை சொன்னார். காப்பாளர் ‘காப்பாளரின் தவறு’ என்று எழுதினார். எழுதும்போது எழுத்து கொஞ்சம் சின்னதாக வந்தது என்பதையும் சொல்லத்தான் வேண்டும்.

அவள் மறுபடி அறைக்கு வந்தது ஒரு திங்கட்கிழமை. அவரைப் பார்த்து லேசாகத் தலையசைத்துவிட்டு நேரே குட்டிகளிடம் போனாள். மூன்றும் கட்டைவிரல் பருமன் ஆகியிருந்தன. வெகுநேரம் குனிந்து பார்த்தாள்.

“இது ரெண்டும் ஆணு. இது பொண்ணு” என்றாள்.

இந்த வயதில் அதையெல்லாம் சொல்லமுடியாது என்று அவருக்கு வாய்வரை வந்தது. மூடிக்கொண்டார். பதிவேட்டைத் திறந்து அவள் சொன்னபடியே எழுதி, ஓரத்தில் அவள் பெயரையும் போட்டார்.

ஏழெட்டு மாதத்துக்குப் பிறகு பார்த்தபோது இரண்டு சரி, ஒன்று தப்பு. அதை அவர் யாரிடமும் சொல்லவில்லை. அவளேதான் பெட்டிக்கு முன்னால் நின்று கண்டுபிடித்து, “ஒண்ணு என்னை ஏமாத்திடுச்சு பாருங்க சார்!” என்று சொல்லி வாய்விட்டுச் சிரித்தாள். இந்த முறை கூடச் சேர்ந்து சிரித்தால் ஒன்றும் தப்பில்லை என்று அவருக்குப் புரிந்தது. இருந்தும் சிரிக்க வரவில்லை. தலையை மட்டும் ஆட்டினார்.